பூட்டிக் கிடந்த வீட்டில் பாம்புச் சட்டை: எந்தக் கதையை விடலாம், எதை விடவே கூடாது

செட்டிநாட்டில் கானாடுகாத்தான் பக்கம் பல வருடமாகப் பூட்டிக் கிடந்த பூர்வீக வீட்டை, முன்னோர்களுக்குப் படையல் போடும் படைப்புக்காகத் திறந்திருக்கிறீர்கள். இரண்டாம் கட்டில் சாமான் அறை வாசலில் முழுசாக ஒரு பாம்புச் சட்டை கிடந்திருக்கிறது. வீட்டைப் பார்த்துக்கொள்பவர் "நல்ல பாம்புதான், ஜோடி இல்லாமல் இருக்காது" என்கிறார். அப்பத்தா "அது வீட்டுக்குக் காவல், ஒன்றும் செய்யாதீர்கள், பாலை வைத்துவிட்டு வாருங்கள்" என்கிறார். சித்தப்பா பாம்பு அண்டாமல் இருக்க ஆகாச கருடன் கிழங்கு கட்டச் சொல்கிறார். சென்னை, சிங்கப்பூர் என்று பிள்ளை குட்டிகளோடு எல்லாரும் வந்து தங்கப் போகிற நேரத்தில் இதில் எது உண்மை, எது கதை, என்னதான் செய்வது என்று கேட்டிருக்கிறீர்கள்.

நேரடியாகச் சொல்லிவிடுகிறேன். சட்டை கிடந்ததற்காகப் படைப்பைத் தள்ளிப் போட வேண்டாம். ஆனால் அத்தனை பேரும் பட்டாலை என்கிற கூடத்திலும் வளவு என்கிற உள்முற்றத்தைச் சுற்றியும் தரையில் ஜமக்காளம் விரித்துப் படுப்பீர்களே, அதைப் பற்றி யோசித்தே ஆக வேண்டும். காரணம் பின்னால் வருகிறது.

காரைக்குடியில் விலங்கியல் பாடம் நடத்திப் பிழைத்தவன் நான். அந்த ஒரே காரணத்துக்காகச் சுற்று வட்டாரத்தில் பாம்பு தென்பட்டாலும் கூப்பிடுவார்கள், பாம்பு கடித்தாலும் கூப்பிடுவார்கள். இத்தனை காலம் கேட்ட கதைகளை வைத்து ஒன்று சொல்வேன்: எல்லாக் கதைகளோடும் மல்லுக்கட்ட வேண்டியதில்லை. சில கதைகளால் ஒரு டம்ளர் பாலும் ஒரு முட்டையும்தான் நஷ்டம். சில கதைகளால் ஆளே போய்விடுகிறது. படித்தவர்கள் பலரும் முதல் வகையைக் கிண்டல் செய்வதோடு நிறுத்திக்கொள்கிறார்கள். இரண்டாம் வகை அவர்கள் வீட்டுக்குள்ளேயே நடமாடிக்கொண்டிருக்கும்.

முதலில் அந்தச் சட்டை. தூக்கிப் போடவில்லை என்றால் வெளிச்சத்தில் ஒரு தாள் மேல் விரித்துப் பாருங்கள். பாம்புக்கு இமை கிடையாது. கண்ணை மூடி ஒரு கண்ணாடிச் செதில் இருக்கும், சட்டையோடு அதுவும் உரிந்து வரும். தலைப்பகுதி கிழியாமல் இருந்தால் இரண்டு பக்கமும் அந்த வட்டம் தெரியும். உரிப்பதற்குச் சில நாள் முன்பு இந்தச் செதில் பால் பூத்து மங்கிவிடும். பார்வை குறைந்த பாம்பு ஆள் நடமாட்டம் இல்லாத மூலையாகப் பார்த்து ஒதுங்கும். பூட்டிய வீட்டுச் சாமான் அறை அதற்கு எவ்வளவு தோது என்று சொல்ல வேண்டியதில்லை.

தலை உச்சியைப் பாருங்கள். பெரிய பெரிய தட்டுகளாகச் செதில் இருந்தால் சாரை, நல்ல பாம்பு, கட்டுவிரியன், தண்ணீர்ப் பாம்பு என்று எதுவாகவும் இருக்கலாம். தலை முழுக்கப் பொடிப் பொடியாக, ஒவ்வொன்றின் நடுவிலும் மேடு தட்டிய செதிலாக இருந்தால் அது கண்ணாடிவிரியன் அல்லது சுருட்டைவிரியன். அப்புறம் முதுகு. முதுகின் நடுக்கோட்டில் ஒரு வரிசைச் செதில் மட்டும் பக்கத்தில் இருப்பதைவிடப் பெரிதாக, அறுகோணமாக ஓடினால் கட்டுவிரியனைச் சந்தேகப்படுங்கள். கொம்பேறி மூக்கனுக்கும் அந்த வரிசை சற்றுப் பெரிதுதான். ஆனால் அதன் சட்டை ஒல்லியாக, வால் நீண்டு இருக்கும். கட்டுவிரியனுக்கு வால் குட்டை. நீளத்தை வைத்து மிரள வேண்டாம், உரியும்போது இழுபட்டு, சட்டை எப்போதும் பாம்பைவிட நீளமாகத்தான் கிடக்கும்.

என்னைக் கேட்டால், எலி குடியிருக்கும் பழைய வீட்டில் கிடக்கும் பெரிய சட்டை பெரும்பாலும் சாரையுடையதாக இருக்கும். சாரைக்கு விஷம் இல்லை. எலியைத் தேடி வந்து, உரித்துப் போட்டுவிட்டு, எந்தத் தூம்பு வழியாக வந்ததோ அந்த வழியாகவே போயிருக்கும். சட்டை கிடந்தால் பாம்பு அங்கேயே குடித்தனம் நடத்துகிறது என்று அர்த்தமில்லை. அதற்காக உள்ளே இல்லவே இல்லை என்றும் சத்தியம் செய்ய முடியாது.

ஜோடி விஷயத்துக்கு வருவோம். பாம்புகள் புருஷன் பெண்சாதியாக வாழ்வதில்லை. இணை சேரும் காலத்தில் சேரும், அதோடு சரி. சாரைதான் நல்ல பாம்புக்கு ஆண் என்று இந்தப் பக்கம் உறுதியாக நம்புகிறார்கள். இரண்டும் வேறு வேறு குடும்பம். சாரையிலும் ஆண் பெண் உண்டு, நல்ல பாம்பிலும் உண்டு. நல்ல பாம்பு சாரையையே பிடித்துத் தின்றுவிடுவதும் உண்டு என்றால் இவர்களின் தாம்பத்தியம் எப்படிப்பட்டது என்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள். ஊருணிக் கரையில் இரண்டு சாரை முறுக்கிக்கொண்டு ஆளுயரத்துக்கு எழும்பி நிற்கும்போது புது வேட்டியைப் போட்டு எடுத்து வந்து பெட்டியில் வைத்தால் செல்வம் கொழிக்கும் என்பார்கள். அங்கே நடப்பது பெரும்பாலும் இரண்டு ஆண்களின் மல்யுத்தம். எது மற்றதைத் தரையோடு அமுக்குகிறதோ அதற்கு அந்த இடம். வேட்டிக்கு நஷ்டம் ஒன்றும் இல்லை.

அடித்த பாம்பு பழி வாங்கும், ஜோடிப் பாம்பு தேடி வரும் என்பதற்கும் இதே பதில்தான். ஆளை அடையாளம் வைத்துத் தேடிவந்து கணக்குத் தீர்க்கும் மூளை அதற்கு இல்லை. ஒரு பாம்பை அடித்த இடத்தில் இன்னொன்று வருவது உண்மைதான். முதல் பாம்பை வரவழைத்த எலியும் பொந்தும் அப்படியே இருந்தால் இரண்டாவது ஏன் வராது?

பால். பாம்பு பாலூட்டி இல்லை, பாலைச் செரிக்கும் வயிறும் அதற்கு இல்லை. பாம்பாட்டி வைத்திருக்கும் பாம்பு குடிக்கிறதே என்றால், நாள் கணக்கில் தண்ணீர் காட்டாமல் வைத்திருந்தால் எதிரில் இருக்கும் ஈரத்தை அது குடிக்கத்தான் செய்யும். மகுடிக்கு ஆடுவதும் அப்படித்தான். வெளிக்காது இல்லாவிட்டாலும் தரையின் அதிர்வையும் தாழ்ந்த ஒலிகளையும் பாம்பு உணரும். ஆனால் படமெடுத்து அசைவது ராகத்துக்கு இல்லை, கண்ணெதிரே ஆடும் மகுடியை எதிரியாகப் பார்த்து அதன் போக்கில் திரும்புகிறது. புற்றைக் கட்டியது கறையான், பாம்பு வெறும் ஒண்டுக்குடித்தனம்.

நாக மாணிக்கத்தை ஒரே வரியில் முடித்துவிடுகிறேன். விஷம் என்பது புரதம் கலந்த நீர்மம். கடிக்கக் கடிக்கச் செலவாகி மறுபடி ஊறும், சேர்த்து வைத்தால் கெட்டியாகி ரத்தினம் ஆகாது. செட்டிநாட்டுப் பெட்டகங்களுக்குள் மாணிக்கம் வந்த வழி பர்மா வழி.

கொம்பேறி மூக்கன் கடித்துவிட்டு மரத்தில் ஏறி, சுடுகாட்டில் புகை வருகிறதா என்று பார்க்கும் என்பார்கள். பாவம், விஷமே இல்லாத பாம்பு. ஓணானையும் தவளையையும் பிடிக்க ஏறுகிறது. பச்சைப் பாம்பு கண்ணைக் கொத்தும் என்பதும் அந்த ரகம்தான். கூர் மூக்கோடு முகத்துக்கு நேரே கிளையில் தொங்குவதால் வந்த பேச்சு. அதன் மெல்லிய விஷம் பல்லியையும் ஓணானையும் மயக்குவதற்குப் போதும், மனிதனுக்கு வீக்கத்தோடு நின்றுவிடும். விரியன் குட்டிகள் தாயின் வயிற்றைக் கிழித்துக்கொண்டு வரும் என்பார்கள். கண்ணாடிவிரியனும் சுருட்டைவிரியனும் முட்டையிடாமல் குட்டி போடுவது மட்டும்தான் அதில் உண்மை, தாய் நன்றாகவே இருக்கும். "அரணை கடித்தால் மரணம்" என்று பழமொழியே உண்டு. உங்கள் தோட்டத்தில் சருகுக்குள் பளபளவென்று ஓடுமே, அந்த அரணைக்குப் பொட்டு விஷம் கிடையாது. குழந்தைகளுக்கு இதைச் சொல்லி வையுங்கள், அரணையைப் பார்த்து அலறி அடித்துக்கொண்டு ஓடிக் கால் இடறி விழுவதுதான் ஆபத்து.

மண்ணுளிப் பாம்பைப் பற்றி மட்டும் சற்று நிறுத்திச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதில் பணம் இருக்கிறது. செம்மண்ணுக்குள் புதைந்து கிடக்கும் பரம சாது. வால் மழுங்கி இருப்பதால் இருதலை மணியன் என்ற பேர் வந்தது. நக்கினால் குஷ்டம் வரும் என்பது பழைய கதை. எடை கூடினால் கோடி ரூபாய்க்குப் போகும், வெளிநாட்டுக்காரன் வாங்கக் காத்திருக்கிறான் என்பது புதுக் கதை. பூட்டிய வீடுகளும் பழைய சொத்துகளும் நிறைந்த ஊர் என்பதால் இப்படிப்பட்ட தரகர்கள் இந்தப் பக்கம் மூக்கை நீட்டுவதில் ஆச்சரியமில்லை. 1972-ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி அதை வைத்திருப்பதும் விற்பதும் குற்றம். முன்பணம் கொடுத்தவன் பணத்தையும் இழந்து கம்பியும் எண்ணுவான்.

இனி உங்கள் அப்பத்தா. அவர்களோடு வாதாட வேண்டாம். அரசும் வேம்பும் சேர்ந்த மேடையில் நாகர் சிலைக்கு மஞ்சள் பூசுவதும், வெள்ளிக்கிழமை புற்றுக்குப் பால் வார்ப்பதும் யாரையும் கொன்றதில்லை. இந்தப் பயபக்தி இருந்ததால்தான் எத்தனையோ பாம்புகள் அடிபடாமல் தப்பின, அவை தின்ற எலிகள் நம் நெல்லைத் தின்னாமல் போயின. ஒரே நிபந்தனை, பால் கிண்ணத்தை இருட்டில் வெறுங்காலோடு போய் வைக்க வேண்டாம். வைத்த பாலுக்கு எறும்பு வரும், பூனை வரும், அவ்வளவுதான்.

சரி, ஆளைக் கொல்லும் கதைகளுக்கு வருகிறேன்.

செட்டிநாட்டில் உயிருக்கு ஆபத்தான பாம்பு என்று பயப்பட வேண்டியவை நான்கு. நல்ல பாம்பை எல்லாருக்கும் தெரியும். படமெடுத்து எச்சரிக்கிற பாம்பு, விலகிப் போக நேரம் தருகிறது. கண்ணாடிவிரியன் வயலோரத்திலும் வேலியடியிலும் வைக்கோல் படப்பின் அடியிலும் கிடக்கும். தடித்த உடம்பு, முதுகில் சங்கிலி கோத்த வட்டங்கள், குக்கர் ஆவி விடுவது போன்ற சீறல். சுருட்டைவிரியன் நம் சரளை மண்ணுக்கென்றே பிறந்தது. ஒரு முழம்கூட இருக்காது. கல்லைப் புரட்டினால் அடியில் சுருண்டு கிடக்கும், உடம்பை உடம்போடு உரசி அரம் தேய்க்கும் சத்தம் எழுப்பும். சின்னதாக இருப்பதால் "குட்டிதானே, விஷம் இருக்காது" என்று கையால் தள்ளிவிடப் பார்ப்பவர்கள் உண்டு. குட்டிக்கு விஷம் இல்லை என்பது முதல் ஆபத்தான கதை. விஷப் பாம்பின் குட்டி பிறந்த அன்றே கடித்து விஷம் ஏற்றும்.

நான்காவது கட்டுவிரியன். உங்கள் வீட்டுக் கூட்டத்தை நினைத்தால் எனக்கு இது ஒன்றுதான் கவலை. கருநீல உடம்பில் மெல்லிய வெள்ளைப் பட்டைகள். பட்டைகள் வால் பக்கம் பளிச்சென்று, கழுத்துப் பக்கம் மங்கி இருக்கும். வீட்டுக்குள் பல்லி பிடிக்க வரும் ஓலைப்பாம்பும் பட்டை போட்டதுதான், ஆனால் அதற்குக் கழுத்துப் பக்கம் தெளிவு, வால் பக்கம் மங்கல். இந்த வித்தியாசத்தைத் தெரிந்து வைத்துக்கொள்ளலாம், ஆனால் பக்கத்தில் போய்ச் சரிபார்க்கக் கூடாது.

பகலில் கட்டுவிரியன் மந்தமாகக் கிடக்கும், தலையைச் சுருளுக்குள் மறைத்துக்கொள்ளும். இரவில்தான் அதன் நடமாட்டம். எலி, பல்லி, இன்னொரு பாம்பு என்று தேடி, தரையோடு தரையாக வீட்டுக்குள் வரும். ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் வெறும் பாயில் படுத்திருப்பவர் தூக்கத்தில் புரண்டு கையையோ முதுகையோ அதன் மேல் போடுவார். கடிக்கும். கொசு கடித்த அளவுக்கே உணர்வு இருக்கும், சிலருக்கு அதுவும் இருக்காது. வீக்கம் இல்லை, ரத்தம் இல்லை, பல காயங்களில் பல் பட்ட தடயமே தெரியாது. அவர் மறுபடி தூங்கிவிடுவார்.

விடிகாலை வயிற்று வலியோடு எழுவார். வாந்தி வரும், தொண்டையில் எதுவோ அடைத்தாற்போல இருக்கும், எச்சில் விழுங்கக் கஷ்டப்படுவார். முதல் நாள் படைப்புச் சாப்பாடு. வீட்டில் உள்ளவர்கள் என்ன சொல்வார்கள்? "பலகாரம் ஒத்துக்கொள்ளவில்லை, கொஞ்சம் ஓம வாட்டர் கொடு." அந்த வார்த்தையில் பொன்னான நேரம் போய்விடும். அப்புறம் கண் இமை தானாக இறங்கும். கூப்பிட்டால் புருவத்தைத் தூக்கி, நெற்றியைச் சுருக்கி, தலையைப் பின்னால் சாய்த்து, இமைக்கு அடியில் தெரியும் கோடு வழியாகப் பார்ப்பார். பார்த்தவர்கள் தூக்கக் கலக்கம் என்பார்கள், ஆண் என்றால் ராத்திரி குடித்திருப்பான் என்பார்கள். அது தூக்கம் இல்லை, இமையைத் தூக்கும் தசை செயலிழக்கிறது. அதே செயலிழப்பு கழுத்துக்கும் மார்புக்கும் இறங்கினால் மூச்சு நிற்கும்.

கட்டுவிரியனை எட்டடி விரியன் என்று சொல்லி, கடிபட்டவன் எட்டடி நடப்பதற்குள் சாய்ந்துவிடுவான் என்று நம்புகிறார்கள். நடப்பது நேர்மாறு. மணிக்கணக்கில் ஒன்றும் தெரியாமல் இருந்துவிட்டுப் பிறகு கவிழ்க்கும். அதனால்தான் தரையில் படுத்து எழுந்தவருக்குக் காரணம் தெரியாத வயிற்று வலியோடு இமையும் தொங்கினால், பல் தடம் தேடிக்கொண்டு நிற்காமல், பாம்புக்கடி என்றே வைத்துக்கொண்டு புறப்பட வேண்டும்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். கட்டுவிரியன் விஷம் முழுதாக ஏறியவர் கண் திறக்க முடியாமல், விரல் அசைக்க முடியாமல் கட்டை போலக் கிடப்பார். ஆனால் பல நேரம் காது கேட்கும், நினைவும் இருக்கும். செயற்கை சுவாசத்தில் சில நாள் தாங்கிப் பிடித்தால் நரம்பு முனைகள் மறுபடி வேலை செய்யத் தொடங்கி எழுந்து உட்கார்ந்துவிடுவார்கள். "முடிந்துபோயிற்று, வீட்டுக்குக் கொண்டு போகிறோம்" என்று உறவினர்கள் அவசரப்படக் கூடாத இடம் இது.

இப்போது வைத்தியக் கதைகள். வேப்பிலையைத் தின்னக் கொடுத்துக் கசக்கிறதா, மிளகு கொடுத்து உறைக்கிறதா என்று பார்ப்பது. கசந்தால் விஷம் இல்லை என்று தீர்ப்பு. நான்கு பாம்புகளில் எது கடித்தாலும் நாக்கின் சுவையை வைத்து விஷத்தைச் சொல்ல முடியாது. அதுவும் கட்டுவிரியனில் தொண்டை வேலை செய்யாத நேரம் வாய்க்குள் எதையாவது திணித்தால் மூச்சுக்குழலுக்குள் போய்விடும். இரண்டு பல் தடம் என்றால் விஷம், நிறையத் தடம் என்றால் விஷமில்லை என்ற கணக்கும் அப்படித்தான், பாதி நேரம் பொய்க்கும். விஷக்கல், பச்சிலை, மந்திரிப்பு, கோழியைக் கடிவாயில் வைப்பது என்று பட்டியல் நீளம். இவற்றால் பிழைத்தவர்களை ஊரில் காட்டுவார்கள், அவர்கள் பொய் சொல்லவில்லை. விஷமில்லாத பாம்பு கடித்தாலும் ஆள் பிழைப்பான், விஷப் பாம்பு விஷம் இறக்காமல் வெறுங்கடி கடித்தாலும் பிழைப்பான். இந்த இரண்டு வகையும்தான் மந்திரிப்பவரின் பெயரைக் காப்பாற்றிக்கொண்டிருக்கின்றன. மூன்றாவது வகை ஆள் அவரிடம் போய்க் காத்திருந்து, கடைசியில் ஆட்டோவில் மூச்சு நின்று வருவார். அவரைப் பற்றி "விதி முடிந்தது" என்பார்கள்.

கயிற்றால் இறுக்கிக் கட்டுவது படித்தவர்கள்கூட விடாத பழக்கம். கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் விஷம் கடித்த இடத்துச் சதையையே அரிக்கும். கட்டினால் விஷமும் ரத்த ஓட்டமின்மையும் சேர்ந்து காலையே எடுக்க வேண்டி வரலாம். பிளேடால் கீறினால் இன்னும் மோசம், விரியன் கடித்தவருக்கு ரத்தம் உறையாது, கீறிய இடம் ஒழுகிக்கொண்டே இருக்கும். வாயால் உறிஞ்சுவதால் பயனில்லை. ஏற்கெனவே யாராவது கட்டுப் போட்டிருந்தால் வழியில் நீங்களாக அவிழ்க்காதீர்கள், தேங்கிய விஷம் ஒரேயடியாக ஏறும். மருத்துவர் முன்னிலையில் அவிழ்க்கட்டும்.

செய்ய வேண்டியது சுருக்கம். பாம்பை விட்டு விலகுங்கள். மோதிரம், வளையல், மெட்டி, கொலுசு இருந்தால் வீங்கும் முன் கழற்றுங்கள். கடிபட்ட கை காலை எலும்பு முறிந்தவருக்குக் கட்டுவது போல ஒரு மட்டையோ அட்டையோ வைத்து அசையாமல் தளர்வாகக் கட்டுங்கள். நடக்க வைக்காதீர்கள். 108-ஐக் கூப்பிடுங்கள், அது வர நேரமாகும் என்றால் இருக்கிற காரில் கிளம்புங்கள். பைக் என்றால் நடுவில் உட்கார வைத்துப் பின்னால் ஒருவர் பிடித்துக்கொள்ள வேண்டும். கடித்த நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள், இமை எப்போது இறங்கியது, எப்போது வாந்தி எடுத்தார் என்பதும் மருத்துவருக்கு உதவும். வாந்தி எடுத்தால் ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். பாம்பை அடித்துப் பையில் போட்டுக் கொண்டு வர வேண்டாம். அடிக்கப் போன இடத்தில் இரண்டாவது ஆள் கடிபடுவதும், செத்த பாம்பின் தலை அனிச்சையாகக் கடிப்பதும் நடந்திருக்கிறது. தூரத்திலிருந்து கைப்பேசியில் படம் எடுக்க முடிந்தால் எடுங்கள், முடியாவிட்டால் பரவாயில்லை. நம் நாட்டில் கொடுக்கும் விஷமுறிவு மருந்து நான்கு பாம்புக்கும் பொதுவானது.

அந்த மருந்து வரும் வழி தெரிந்தால் நம்பிக்கை வரும் என்பதால் சொல்கிறேன். மாமல்லபுரம் அருகே வடநெம்மேலியில் இருளர்கள் நடத்தும் கூட்டுறவுச் சங்கம் 1978-இல் தொடங்கியது. தோலுக்காகப் பாம்பு பிடித்துக்கொண்டிருந்த இருளர் சமூகம், தோல் வியாபாரம் தடைபட்ட பிறகு, உயிரோடு பிடித்து விஷம் எடுத்துவிட்டுத் திரும்பக் காட்டில் விடும் தொழிலுக்கு மாறியது. அந்த விஷத்தைச் சிறிது சிறிதாகக் குதிரைக்கு ஏற்றி, அதன் ரத்தத்தில் உருவாகும் எதிர்ப்பொருளைப் பிரித்துத்தான் மருந்து தயாராகிறது. இருளர்களான வடிவேல் கோபால், மாசி சடையன் இருவருக்கும் 2023-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. பச்சிலைக்கு இல்லாத பலம் இதற்கு இருக்கிறது: ரத்தத்தில் சுற்றும் விஷத்தைப் பிடித்துக் கட்டிப்போடும். நரம்பில் ஏற்கெனவே நேர்ந்த சேதத்தை இது திருப்பாது. சீக்கிரம் போங்கள் என்று தொண்டை வறளச் சொல்வதன் காரணம் அதுதான். குதிரைப் புரதம் என்பதால் சிலருக்கு ஒவ்வாமை வரும், அதைச் சமாளிக்க வசதி உள்ள இடத்தில்தான் ஏற்ற வேண்டும். குழந்தைக்கும் பெரியவருக்கும் ஒரே அளவுதான், விஷம் ஆள் பார்த்து அளவு குறைவதில்லை.

மருத்துவமனையில் ஒரு காட்சி பலரை எரிச்சல்படுத்தும். கடிபட்டவரிடம் கொஞ்சம் ரத்தம் எடுத்து, சுத்தமான உலர்ந்த கண்ணாடிக் குழாயில் விட்டு, அசைக்காமல் மேசை மேல் வைத்துவிடுவார்கள். 20 நிமிடம் கழித்துக் குழாயைச் சாய்த்துப் பார்ப்பார்கள். ரத்தம் கட்டியாக நின்றால் சரி, தண்ணீராக ஓடினால் கண்ணாடிவிரியன் அல்லது சுருட்டைவிரியன் விஷம் உள்ளே வேலை செய்கிறது. "ஊசி போடாமல் வேடிக்கை பார்க்கிறார்கள்" என்று சத்தம் போடாதீர்கள், அந்த 20 நிமிடம்தான் சிகிச்சையைத் தீர்மானிக்கிறது. முதல் தடவை உறைந்தாலும் திரும்பத் திரும்பச் சோதிப்பார்கள், ஒரு நாளாவது வைத்திருந்து பார்ப்பார்கள். பாதியில் எழுந்து வரக் கூடாது. கண்ணாடிவிரியன் சிறுநீரகத்தைக் கெடுக்கும், சிறுநீர் குறைந்தால் டயாலிசிஸ் தேவைப்படலாம்.

உங்கள் ஊரிலிருந்து காரைக்குடி அரசு மருத்துவமனை பக்கம், திருமயம் வழியாகப் போனால் புதுக்கோட்டை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை. தேவகோட்டைப் பக்கத்து உறவினர்களுக்குச் சிவகங்கை மருத்துவக் கல்லூரியும் இருக்கிறது. அரசு மருத்துவமனையில் மருந்து இலவசம். இந்தியாவில் 2000-லிருந்து 2019 வரை சுமார் 12 லட்சம் பேர் பாம்புக்கடியில் இறந்தார்கள் என்றும், அது ஆண்டுக்குச் சராசரி 58,000 என்றும் 2020-இல் வெளியான ஆய்வு கணக்கிட்டது. பெரும்பாலும் கிராமத்து ஆட்கள். 2024-இல் தமிழ்நாடு அரசு பாம்புக்கடியை மருத்துவமனைகள் கட்டாயம் தெரிவிக்க வேண்டிய நோய்களின் பட்டியலில் சேர்த்தது.

இனி வீடு. ஆகாச கருடன் கிழங்கு, சிறியாநங்கைச் செடி, பூண்டுத் தண்ணீர், பினாயில், ரசகற்பூரம் எதற்கும் பாம்பு மிரண்டு ஓடாது. கிழங்கைச் சித்தப்பா கட்டட்டும், ஆனால் கட்டிவிட்டோம் என்று டார்ச்சை மறந்துவிடக் கூடாது. மயில் இருந்தால் பாம்பு இருக்காது என்பதும் அரைகுறை. நம் பக்கம் எங்கே பார்த்தாலும் மயில்தான், பாம்பும் இருக்கத்தான் செய்கிறது. மயில் பகலில் மேய்கிறது, கட்டுவிரியன் இரவில் வருகிறது.

படைப்புக்கு ஒரு வாரம் முன்பே ஆட்களை விட்டு வீட்டைத் திறந்து வெளிச்சமும் சத்தமும் ஆக்குங்கள். சாமான் அறையில் கையை விடும் முன் நீளக் கம்பால் தட்டிப் பார்க்கட்டும். பழைய மரச் சட்டம், உடைந்த ஓடு, தென்னமட்டை, விறகு அடுக்கு எல்லாம் சுவரை ஒட்டிக் கிடந்தால் தோட்டத்துக் கோடிக்குத் தள்ளுங்கள். வளவுத் தண்ணீர் வெளியே போகும் தூம்பு வாயில் சிறு கண்ணுள்ள கம்பி வலை அடியுங்கள், பாம்புக்குப் பெரும்பாலும் அதுதான் வாசல். கதவடி இடுக்கு சுண்டுவிரல் நுழையும் அளவுக்கு இருந்தாலும் அடைக்க வேண்டும். சமையல்கட்டுப் பின்னால் மிச்சம் மீதியைக் கொட்டாதீர்கள், எலி வந்தால் அதன் பின்னால் பாம்பு வரும்.

படுக்கைதான் முக்கியம். எல்லாருக்கும் கட்டில் கிடைக்காது, தெரியும். குழந்தைகளுக்கும் வயசானவர்களுக்கும் முதலில் கட்டில் கொடுங்கள், சுவரை விட்டுச் சற்று நகர்த்திப் போடுங்கள். தரையில் படுப்பவர்கள் கொசுவலை கட்டி, அதன் ஓரத்தை ஜமக்காளத்துக்கு அடியில் நன்றாகச் செருகிக்கொண்டால் போதும், கட்டுவிரியனுக்கு அது சுவர். ராத்திரி கொல்லைப்பக்கம் போகிறவர்கள் கையில் டார்ச்சும் காலில் செருப்பும் இல்லாமல் போகக் கூடாது. காலையில் ஜமக்காளத்தை உதறி மடியுங்கள், செருப்பைத் தட்டிப் போடுங்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் கண்மாய் நிரம்பிப் பொந்துகளில் தண்ணீர் புகுந்தால் மேடான வீடுகளுக்குள் வரத்து கூடும், அந்த மாதங்களில் இதெல்லாம் இரண்டு மடங்கு பொருந்தும்.

அப்படியும் உள்ளே ஒன்றைப் பார்த்துவிட்டால் அடிக்கப் போகாதீர்கள். குழந்தைகளை வெளியேற்றிவிட்டு, பாம்பு போகும் இடத்தை ஒருவர் மட்டும் எட்ட நின்று கண் எடுக்காமல் பார்த்துக்கொண்டிருக்கட்டும், எந்தப் பொந்தில் நுழைந்தது என்று தெரியாவிட்டால் வருபவர்களால் பிடிக்க முடியாது. தீயணைப்பு நிலையத்துக்கு 101-இல் சொன்னால் ஆள் வருவார்கள், வனத்துறைக்கும் சொல்லலாம். சாரை என்று உறுதியாகத் தெரிந்தால் அதுவும் வேண்டாம், தோட்டத்துக் கதவைத் திறந்து வைத்துவிட்டு ஒதுங்கி நில்லுங்கள், உங்களைவிட அவசரம் அதற்குத்தான்.